தாய்மாமன் பேனர்

சிதம்பரத்தில் ஒரு பிள்ளைக்குக் காது குத்துகிறார்கள் என்றால் முதலில் துளை விழுவது காதில் இல்லை, ரோட்டில். நாலு சவுக்குக் கம்பை நட்டு, பேனரை இழுத்துக் கட்டி, சொந்தக்காரர் தலைகளையெல்லாம் ஓரமாக அடுக்கி, நடுவில் தாய்மாமனை ஆளுயரத்துக்கு நிறுத்தினால்தான் விசேஷத்துக்குக் களை வரும். பேனர் வைக்கக் கூடாது என்று கோர்ட்டே சொல்லியிருக்கிறதே என்று கேட்டுப் பாருங்கள். அதெல்லாம் கட்சிக்காரனுக்கு, குடும்பஸ்தனுக்கு இல்லை என்பார்கள்.

செம்பியனுக்குப் பேனர் வைக்கக் கூடுதலாக ஒரு காரணமும் இருந்தது. அவன் மகள் இசைவாணிக்கு ஏழு வயதாகியும் காது மூளியாகவே இருந்தது. தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் குத்த வேண்டும். அந்தத் தாய்மாமனுக்கு லீவு கிடைத்தபாடில்லை. தேதி குறிப்பார்கள், மண்டபம் பேசுவார்கள், கடைசி நேரத்தில் போன் வரும், "இந்த மாசம் முடியாது ராணி, கோச்சுக்காத" என்று. "ஏன்பா, நாட்டையே உங்க மச்சான்தான் தூக்கி நிறுத்துறாரா?" என்று ஊரில் கேலி பேசினார்கள். செம்பியன் பல்லைக் கடித்துக்கொண்டு போய்விடுவான். பாதி அப்படித்தான் என்று அவன் நம்பினான், வெளியே சொல்லத்தான் வழியில்லை.

செம்பியனின் மனைவி ஜெயராணியின் அண்ணன் கதிரவன் ராணுவத்தில் கர்னல். முகாமில் உட்கார்ந்து கையெழுத்துப் போடுகிற கர்னல் இல்லை. பாராசூட்டில் குதிப்பது, எதிரி படுத்திருக்கும் இடத்துக்கே போய்ப் பக்கத்தில் படுத்திருப்பது என்று வேலை பார்க்கிற சிறப்புப் படையில் கர்னல். கடலூர் புதுப்பாளையத்தில் பஸ் கண்டக்டர் மகனாகப் பிறந்து, சில்வர் பீச் மணலில் செருப்பில்லாமல் ஓடிப் பழகி, பட்டாளத்தில் அதிகாரியாகச் சேர்ந்தவன். கல்யாணம் வேண்டாமென்று இருந்துவிட்டான். கேப்டன், மேஜர் என்று அவன் ஒவ்வொரு படி ஏறியபோதும் அம்மா செல்லாயி கேட்டது ஒரே கேள்விதான். "இனிமேலாவது நாற்காலில உக்கார வெப்பாங்களாடா?" மேலே போகப் போக உட்கார்ந்து பார்க்கிற வேலை என்பதுதான் உலகத்து வழக்கம். இவனுக்கு மட்டும் அது நடக்கவில்லை.

மெடல் வாங்கினான்; எதற்கு என்று கேட்டால் "நல்லாப் பரேடு பண்ணேம்மா" என்பான். தோளில் ஒரு தழும்போடு வந்தான்; பாத்ரூமில் வழுக்கி விழுந்ததாகச் சொன்னான். "ஆபீஸ்ல வேலை ஜாஸ்தி, கொஞ்ச நாள் பேச முடியாது" என்று போனில் சொன்னால் எங்கேயோ கிளம்புகிறான் என்று ஜெயராணிக்குத் தெரிந்துவிடும். அன்றிலிருந்து அவளுக்குச் சோறு இறங்காது. பள்ளிக்கூடத்தில் கணக்குப் பாடம் நடத்திக்கொண்டிருக்கும்போதே வாசலில் யாராவது காக்கி உடுப்போடு வந்தால், அது தபால்காரராகவே இருந்தாலும், சாக்பீஸ் கையிலிருந்து விழும். பயம் அந்த வீட்டில் பூனை மாதிரி குடியிருந்தது. போனது போலிருக்கும், திரும்பிப் பார்த்தால் அடுப்படியில் நிற்கும்.

கதிரவன் வீட்டுக்குச் சொல்லிவைத்தது இரண்டே இரண்டு. என் படத்தை எங்கேயும் போடாதீங்க. எந்தப் படை என்று யாரிடமும் சொல்லாதீங்க. ஜெயராணியின் கல்யாண ஆல்பத்தில்கூட அண்ணன் என்று இருப்பது ஒரு முதுகுதான்.

போன வருஷம் அம்மா, மகன் முகத்தைப் பார்க்காமல் கண் மூடிவிடுவேன் என்று அழுது அமர்க்களம் பண்ணியபோது ஒரே ஒரு படம் அனுப்பினான். நெஞ்சுவரை தாடி, கம்பளித் தொப்பி, முழங்காலுக்குக் கீழே தொங்கும் கம்பளி அங்கி; ஏதோ மலை ஊர் டீக்கடை வாசல். "அம்மாகிட்ட காட்டிட்டு ஒடனே அழிச்சிடு" என்று கீழே எழுதியிருந்தான். ஜெயராணி காட்டினாள். அழிக்கவில்லை. அண்ணன் படத்தை அழிக்க எந்தத் தங்கைக்குத்தான் கை வரும்?

அந்தப் படத்தைத்தான் செம்பியன் கேட்டான். "நாலு நாள் சிதம்பரத்துல நிக்கப் போற பேனரு. அங்க மலையில இருக்கறவன் எவன் வந்து பாக்கப் போறான்? புள்ள படம் இல்லாமக்கூட பேனர் வெப்பாங்க, தாய்மாமன் இல்லாம எவனாவது வெப்பானா?" என்றான். ஜெயராணி யோசித்தாள். யோசித்துவிட்டுக் கொடுத்தாள். இந்தத் தடவை லீவு உறுதி, ஞாயிற்றுக்கிழமை விசேஷம், சனிக்கிழமை வந்துவிடுவேன் என்று அண்ணன் சொல்லியிருந்தான். அந்தச் சந்தோஷத்தில் புத்தி கொஞ்சம் அசந்துவிட்டது.

ஃப்ளெக்ஸ் கடை ஆன்டோ படத்தைப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினான். "மாமா, இந்த டிரெஸ்ஸு எடுபடாது. போர்வை விக்கறவரு மாதிரி இருக்காரு. எங்கிட்ட சூப்பரா ஒரு கமாண்டோ பாடி கெடக்குது. தலையை மட்டும் எடுத்து அதுல வெச்சிடறேன்." வெட்டினான், ஒட்டினான். தாடி வைத்த முகத்துக்குக் கீழே பட்டாளத்து உடுப்பும் துப்பாக்கியும் முளைத்தன. பின்னால் ஒரு புலி, மேலே இரண்டு விமானம். 'எல்லைப் புலியே! சிறப்புக் கமாண்டோ படைத் தளபதியே! மருமகள் காதணி விழாவுக்கு வருகை தரும் தாய்மாமன் கர்னல் கதிரவன் அவர்களே, வருக வருக!' கீழே தேதி, மண்டபத்தின் பெயர். சிதம்பரம் தெற்கு வீதியில் ஒன்று, கடலூர் மஞ்சக்குப்பத்தில் ஒன்று. செம்பியனின் சிநேகிதன் ஜெயப்பிரகாஷ் அதைப் படமெடுத்து, 'நம்ம ஊர் சிங்கம்' என்று ஃபேஸ்புக்கிலும் ஏற்றிவிட்டான்.

வியாழக்கிழமை மதியம், பள்ளியில் ஜெயராணி விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தபோது தெரியாத நம்பரிலிருந்து போன் வந்தது.

"ஜெயராணி மேடமா? கர்னல் சாரோட தங்கச்சி?"

"ஆமாங்க."

"சார் யூனிட்லேர்ந்து சுபேதார் பேசறேன். நமக்குச் செய்யாறு பக்கம். மேடம், அங்க சார் படத்தை எங்கனா பேனர்ல வெச்சிருக்கீங்களா?"

அந்தக் குரலில் கோபமே இல்லை. அதுதான் அவளை முதலில் பயமுறுத்தியது. "கொழந்தைக்குக் காது குத்து… வீட்டுக்காரரு…" என்று இழுத்தாள்.

"எடுத்துடுங்க. இப்பவே போய் எடுங்க. நெட்ல போட்டிருந்தா அதையும் எடுக்கச் சொல்லுங்க. யாரு கேட்டாலும் காரணம் சொல்ல வேணாம். விசேஷத்தை மட்டும் நிறுத்திடாதீங்க, அது பாட்டுக்கு நடக்கட்டும்."

"அண்ணன் எங்கங்க? அவருகிட்ட ஒரு வார்த்தை பேசிக்கிறேன்."

"எங்க இருக்காருன்னு எங்களுக்கே இன்னும் தெரியலக்கா" என்றார் சுபேதார்.

மேடம் அக்காவாகிவிட்டதை அவள் கவனித்தாள். மரியாதை இறங்கிப் பாசம் ஏறுகிறதென்றால் சேதி நல்லதில்லை என்பது ஆஸ்பத்திரி வாசலில் நின்றவர்கள் எல்லோருக்கும் தெரியும்.

பேனருக்கும் அண்ணன் காணாமல் போனதற்கும் என்ன சம்பந்தம் என்று அவளுக்கு முழுதாகப் புரியவில்லை. ஆனால் சம்பந்தம் இருக்கிறது என்று மட்டும் தெரிந்தது. செம்பியன் வண்டியில் வந்தான். தெற்கு வீதியில், பட்டப்பகலில், பூக்கடைக்காரர்கள் பார்த்துக்கொண்டிருக்க, கம்பத்தில் ஏறிக் கயிற்றை அறுத்தான். "இன்னாப்பா, மச்சானுக்கும் உனக்கும் சண்டையா?" என்று ஒருவர் கேட்டார். செம்பியன் அடுத்த கயிற்றுக்குத் தாவினான். மடித்த பேனரை மடியில் வைத்துக்கொண்டு ஜெயராணி வண்டியில் பின்னால் உட்கார்ந்தாள். மடிப்புக்கு வெளியே அண்ணனின் ஒரு கண் மட்டும் அவளையே பார்த்துக்கொண்டிருந்தது. துப்பட்டாவை இழுத்து அதை மூடினாள்.

கடலூர் போய் அந்தப் பேனரையும் இறக்கினார்கள். ஜெயப்பிரகாஷ் படத்தை அழித்தான், ஆனால் ஊரான் ஊரானாக எடுத்துப் போட்டதை அவன் எங்கே போய் அழிப்பான்? இறைத்த கடுகைப் பொறுக்குகிற வேலை அது. எடுத்துப் போட்டவர்களின் பக்கங்களில் ஜெயராணி தேடிக்கொண்டே போனாள். சல்யூட்டுகள், கைகூப்பல்கள், புலிப் படங்கள். அவற்றுக்கு நடுவில், முகமே இல்லாத ஒரு கணக்கிலிருந்து, ஆங்கில எழுத்தில் இரண்டே வார்த்தை: 'ராஜாமணி பாய்?'

யார் ராஜாமணி? அவர்கள் குடும்பத்தில் அப்படி ஒருவரும் இல்லை. அதைப் படமெடுத்துச் சுபேதாருக்கு அனுப்பினாள். பார்த்துவிட்டார் என்று காட்டியது. பதில் இல்லை. திரும்பக் கூப்பிட்டால் எடுக்கவில்லை.

வெள்ளிக்கிழமை அம்மாவைப் பார்க்கப் புதுப்பாளையம் போனாள். போகாமல் இருந்தால் சந்தேகம் வரும், போனால் முகம் காட்டிக் கொடுக்கும். செல்லாயி கூடத்தில் சீர்த் தட்டுகளைப் பரப்பி வைத்திருந்தாள். பட்டுப் பாவாடை, வளையல், பேரீச்சம்பழம், சின்ன டப்பியில் தங்கத் தோடு.

"உங்கண்ணன் போன் பண்ணானா?"

"பண்ணாரும்மா. கெளம்பிட்டாராம்."

அம்மா துருவிக் கேட்டிருந்தால் ஜெயராணி அங்கேயே உடைந்திருப்பாள். செல்லாயி நம்பிவிட்டாள். முகமெல்லாம் சிரிப்பாக, "நாளைக்குக் காலைல முதுநகர்ப் பக்கம் போயி நல்ல வஞ்சிரமா வாங்கணும்டி, அவன் தின்னு எவ்ளோ நாளாச்சு" என்றாள். அந்தச் சிரிப்பைப் பார்க்க முடியாமல் ஜெயராணி கொல்லைப்பக்கம் போய்க் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதாள். செத்துப்போயிருந்தால்? பிடித்து வைத்திருந்தால்? பிடித்து வைத்து, அந்தப் படத்தைக் காட்டி, இது நீதானே என்று கேட்டுக்கொண்டிருந்தால்? தன் கையால் எடுத்துக் கொடுத்த படம். ஆண்டவனே, என் அண்ணனை என் கையாலேயே காட்டிக் கொடுத்துவிட்டேனே என்று குழாய்த் தண்ணீரிடம் சொன்னாள்.

சனிக்கிழமை மத்தியானம் சிதம்பரத்து வீட்டு வாசலில் ஆட்டோ நின்றது. சுபேதாரோ, வேறு யாரோ, சேதி சொல்லத்தான் வந்திருக்கிறார்கள் என்று ஜெயராணி சுவரைப் பிடித்துக்கொண்டாள். மழமழவென்று சவரம் செய்த, கன்னம் ஒட்டிய ஓர் ஆள் இறங்கினான். ஒரு பையைத் தவிரக் கையில் ஒன்றுமில்லை. "என்ன ராணி, அண்ணனை அடையாளம் தெரியலையா?" என்றான்.

அவள் ஓடிப்போய் அவன் நெஞ்சில் படபடவென்று அடித்தாள். "ஒரு போன் பண்ணியிருக்கக் கூடாதாண்ணே? ஒரே ஒரு போனு?"

"யாருக்கும் பண்ணக் கூடாதுன்னு உத்தரவும்மா. எங்க இருக்கேன்னு காட்டிக் கொடுத்துடும்."

உள்ளே செம்பியன் தடாலென்று அவன் காலில் விழுந்தான். "மச்சான், என்னைச் செருப்பால அடிங்க மச்சான்."

"எழுந்திரு மாப்ள. பேனர் நல்லாத்தான் இருந்துச்சு. புலிதான் கொஞ்சம் குண்டு" என்றான் கதிரவன். சிரித்தான். கண் மட்டும் சிரிக்கவில்லை. அவன் சட்டைப் பையில் பழைய பட்டன் போன் ஒன்று இருந்தது. பேச்சுக்கு நடுவே அதை எடுத்து எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அடுப்படியில் தனியாகக் கிடைத்தபோது ஜெயராணி கேட்டாள். "யாருண்ணே ராஜாமணி?"

இத்தனை வருஷத்தில் வேலையைப் பற்றி வாய் திறக்காதவன், அன்றைக்குச் சொன்னான். "நான்தான். மலைல எனக்கு அந்தப் பேரு. மெட்ராஸ்லேர்ந்து வந்து வால்நட் வாங்கிட்டுப் போற வியாபாரி. நீ பேனர்ல போட்டியே, அந்தத் தாடி மூஞ்சிதான் ராஜாமணி. அந்த மூஞ்சிக்குக் கீழ ஒரு நாளும் யூனிஃபார்ம் வந்ததில்ல. யூனிஃபார்ம்ல போறப்ப மூஞ்சிய மூடிக்குவேன்."

ஆன்டோ ஒட்டியது என்ன என்று அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.

"அங்க எனக்குச் சேதி சொல்றவன் ஒருத்தன். நான் யாருன்னு அந்த மலைல அவன் ஒருத்தனுக்குத்தான் தெரியும். வேற ஆபீசர் போனா வாயே தெறக்க மாட்டான். அதனாலதான் கர்னல் ஆன பொறவும் நானே போனேன். வியாழக்கிழமை காலைல டீக்கடைல எவனோ போன்ல அந்தப் படத்தை வெச்சிக்கிட்டு, இது ராஜாமணிதானன்னு நாலு பேருகிட்ட காட்டிட்டு இருந்திருக்கான். இவன் பாத்துட்டு ஓடி வந்தான். என்னை மேல் பாதை வழியா இழுத்துட்டு வந்து விட்டான். கூட வாடான்னு கெஞ்சினேன். வீட்டுல தங்கச்சி தனியா இருக்கா, கூட்டிக்கிட்டு வந்துடறேன்னு திரும்பிப் போனான்."

"அப்பறம்?"

"அப்பறம் போன் எடுக்கல. ஆளுங்க தேடிப் போயிருக்காங்க. என்னைப் போகக் கூடாதுன்னுட்டாங்க. என் மூஞ்சி இனிமே அங்க செல்லாது. டெல்லில ஆபீசுக்கு ஆர்டர் போட்டுட்டாங்க. அம்மாகிட்ட சொல்லு, நாற்காலி கெடச்சிடுச்சுன்னு."

ஜெயராணிக்கு ஒரு கணம் சந்தோஷம் வந்தது. வந்தது வந்ததுதான், இல்லையென்று சொல்லி என்ன பிரயோசனம்? மறுகணமே, யாரோ ஒருவனுடைய உயிரைக் கொடுத்து வாங்கிய நாற்காலி அது என்று தோன்றி அவளுக்கு உடம்பு கூசியது.

"அந்தப் போனு?"

"அவனுக்குத் தெரிஞ்ச ஒரே நம்பர் இது. அணைச்சு வைக்கச் சொல்லிட்டாங்க. நான் அணைக்கல."

ஞாயிற்றுக்கிழமை மண்டபம் நிறைந்திருந்தது. பேனரை ஏன் எடுத்தார்கள் என்று தெரியாமல் பந்தியில் ஆளுக்கொரு கதை கட்டினார்கள். சீர் பத்தவில்லை என்று மாப்பிள்ளை கோபித்துக்கொண்டதாகப் ஒரு பெரியப்பா அடித்துச் சொன்னார். போட்டோக்காரர் தயங்கியபடி வந்து, சாரைப் படம் எடுக்கலாமா என்று கேட்டபோது, "தாராளமா எடுத்துக்கப்பா, இனிமே என்ன" என்றான் கதிரவன். அம்மா அவன் தோளைப் பிடித்துக்கொண்டு பூரித்துப்போய் நின்றாள். மகன் முகம் தெரிகிற முதல் குடும்பப் படம். கைதட்டினார்கள். ஜெயராணியால் கேமராவைப் பார்க்க முடியவில்லை.

தாய்மாமன் மடியில் இசைவாணி உட்கார்ந்தாள். பத்தர் சந்தனத்தைத் தொட்டுப் புள்ளி வைத்து, பேச்சுக் கொடுத்துக்கொண்டே வலது காதில் கம்பியை ஏற்றினார். பிள்ளை மண்டபம் அதிரக் கத்தியது. அந்தச் சத்தத்துக்கு நடுவில் பட்டன் போன் அடித்தது.

கதிரவன் ஒரு கையால் பிள்ளையை அணைத்துக்கொண்டு மறுகையால் போனை எடுத்தான். ஜெயராணிக்குப் புரியாத பாஷை. ஆனால் அது அவள் அண்ணனின் குரலே இல்லை. குழைந்து, தழைந்து, வாடிக்கைக்காரரிடம் பேசுகிற வியாபாரியின் குரல். தோள்கூடக் கொஞ்சம் கூனிக்கொண்டது. நாலு வார்த்தை கேட்டான், இரண்டு வார்த்தை சொன்னான், வைத்துவிட்டான்.

அவள் குனிந்து காதருகே கேட்டாள். "அவனா?"

"அவன் தங்கச்சி."

"என்ன சொல்றா?"

"வியாழக்கிழமை காலைல ராஜாமணி பாயைப் பாக்கப் போன அண்ணன் இன்னும் வீட்டுக்கு வரலியாம். உங்ககூட வந்துட்டாரான்னு கேக்கறா."

வீட்டுக்குத்தானே திரும்பிப் போனான்? "நீ என்னண்ணே சொன்ன?"

"அவ பக்கத்துல ஆம்பளைங்க பேசற சத்தம் கேட்டுச்சு. ஆமாம்மா, எங்கூடத்தான் இருக்கான், பத்திரமா இருக்கான்னு சொன்னேன்." பிள்ளையின் கண்ணீரைக் கட்டைவிரலால் துடைத்தான். "எங்கனா ஒளிஞ்சு கெடந்தான்னா, அவனைப் புடிக்கத் தேடறவனுங்க எங்கூட வந்துட்டான்னு விட்டுடுவானுங்க. இல்லன்னாலும், அந்தப் பொண்ணு மலை ஏறித் தேடிப் போவ மாட்டா. ஊட்லயே இருந்துடுவா."

"காத்துக்கிட்டு இருப்பா" என்றாள் ஜெயராணி.

காத்திருப்பது என்னவென்று அவளுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. போன் சத்தம் கேட்டால் நெஞ்சடைக்கும், கேட்காவிட்டாலும் நெஞ்சடைக்கும். இவளுக்காவது ஒவ்வொரு தடவையும் கடைசியில் அண்ணன் கூப்பிட்டான், வேலை ஜாஸ்தி ராணி என்று ஏதாவது பொய் சொன்னான், மூச்சு வந்தது. அந்தப் பெண்ணைக் கூப்பிட இனி யார் இருக்கிறார்கள்?

பத்தர் இடது காதுக்குக் கம்பியை எடுத்தார். "சார், பாப்பாவைக் கெட்டியாப் புடிச்சுக்குங்க" என்றார்.

கதிரவன் பிடித்துக்கொண்டான்.